ஆளே இல்லாத படத்துக்கு ஆள் பிடித்த கதை

கதை, வசனம், ஆள் எதுவும் இல்லாமல் குறும்படம் எடுப்பது ஒரு வேலை. அதை உட்கார்ந்து பார்க்க ஆள் பிடிப்பது அதைவிடப் பெரிய வேலை. உங்களில் யாராவது இப்படி அவதிப்பட்டிருந்தால் எனக்கு அக்கா தங்கச்சி முறை. இரண்டாம் உலகப் போர் முடிந்த காலத்தில் வெளிநாட்டில் சிலர் கேமராவே இல்லாமல், பிலிமில் கீறியும் மை தடவியும் படம் காட்டினார்களாம். போடியில் கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்கும் எனக்கும் அந்தக் கிறுக்குப் பிடித்துவிட்டது. ஏழு நிமிடப் படம். ஒரே ஒருவர் முழுதாகப் பார்த்துவிட்டால் ஜென்மம் கடைத்தேறிவிடும் என்று இருந்தேன்.

மண்ணுக்குள் பிலிம்

பழைய பிலிமை மண்ணில் புதைத்தால் ஈரம் அரித்து விதவிதமான நிறம் வரும். தோழியின் தோட்டம் இருக்கிறதே என்று பொட்டிப்புரம் போனேன். போயும் போயும் பொட்டிப்புரம்! மலைக்குள் நியூட்ரினோ ஆய்வுக்கூடம் என்ற பேச்சு கிளம்பியதிலிருந்து, அங்கே வெளியூர்க்காரர் மண்வெட்டியோடு நின்றாலே கூட்டம் கூடிவிடும். கூடியது. களையெடுத்துக்கொண்டிருந்த ஒரு அக்கா பிலிமை வெயிலில் பிடித்துப் பார்த்தார்.

"மலையத் தோண்ட வந்தவுகளையே மறிச்ச ஊரு இது. நீ இங்கன என்னத்தத் தாயி புதைக்கிற?"

முதல் ரசிகர்

தோழி வந்து சமாதானம் பேசி, பிலிம் ஒருவழியாக மண்ணில் ஊறியது. அதற்குள் கால்வாய்த் தண்ணீரில் வெயில் மினுங்குவதை எடுக்க லோயர் கேம்ப் போனேன். மின் நிலையத்துப் பக்கம் கேமராவோடு நின்றால் சும்மா விடுவார்களா? காவலர் ஒருவர் வந்து, எடுத்ததைக் காட்டச் சொன்னார். எனக்குப் பயமா? சந்தோஷம்! ரசிகர் தானாக வந்து மாட்டியிருக்கிறார். முழுசாப் பாருங்க சார் என்று கெஞ்சினேன். அரை நிமிடத்தில் கேமராவைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

"கெளம்புங்கம்மா. இத வச்சுக்கிட்டு எந்த நாட்டுக்காரனும் ஒண்ணும் பண்ண முடியாது."

மாமன் வரும் வரை

தோண்டியெடுத்த பிலிமையும் கால்வாய் மினுங்கலையும் கணினியில் ஏற்றிக் கோத்துப் படம் முடிந்த கையோடு வடுகபட்டிப் பக்கம் ஒரு காதுகுத்து. வீடியோவும் மண்டபத்துப் பெரிய திரையும் என் பொறுப்பு. தாய்மாமன் மடியில் வைத்துத்தான் குத்த வேண்டும்; மாமனோ சீரோடு வழியில் மாட்டிக்கொண்டார். "மாமன் எங்கன வாராகளாம்?" என்று ஆளுக்காள் கேட்கிறார்கள். குழந்தை ஒரே அலறல். பென்டிரைவில் என் படம் இருந்தது. அதைப் போட்டுவிட்டேன்.

திரையில் நிறங்கள் புரண்டதும் குழந்தை கப்பென்று அழுகையை நிறுத்தியது. மாமன் மேளதாளத்தோடு வந்து மடியில் வாங்கியபோதும் கண்ணை எடுக்கவில்லை. ஆசாரி ஒரு காதைக் குத்தினார், சத்தமே இல்லை! படம் முடிந்தது. முழுதாகப் பார்த்தாயிற்று! அடுத்த நொடி வீல் என்று ஒரு கத்தல். ஆசாரி ஊசியும் கையுமாக என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"இன்னொரு காது பாக்கி இருக்கு தாயி, அந்தப் படத்தத் திரும்பப் போடுங்க."

என் படத்தை இரண்டு தரம் முழுதாகப் பார்த்த ஒரே ரசிகருக்கு இன்னும் பல்கூடச் சரியாக முளைக்கவில்லை. மனிதருக்கு மூன்றாவது காது இல்லாமல் போனதுதான் என் நஷ்டம்.