பியானோ விட்டுவைத்த இடம்

எமர்ஜென்சி முடிந்த வருஷம், என் கொழுந்தனைக் கட்டிக்கொண்டு சின்னவள் உத்திரமேரூருக்கு வந்தாள். பின்னாலேயே வாலாஜாபாத் ரயிலடியிலிருந்து மாட்டு வண்டியில் அவளுடைய பியானோ. தெருவே சேர்ந்து தூக்கி, பழைய தறியைக் கழற்றிய அறையில் வைத்தது. பெரிய மருமகளாக நான் வந்தபோது என் வீணையை நானேதான் சுமந்தேன். ஒருத்தனும் எட்டிப் பார்க்கவில்லை. வயிறு எரியுமா, எரியாதா?

மெட்ராஸில் மேல்நாட்டு சங்கீதம் முறையாகப் படித்தவள். ஆனால் புத்தகத்தை மூடிவிட்டு நம் ராகங்களைத்தான் வாசிப்பாள். அதுவும் எப்படி? ஒரு ஸ்வரத்தைத் தட்டுவாள், கையை மடியில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருப்பாள்.

"இன்னாடி, மறந்துபூட்டியா?" என்று கேட்டேன்.

"இல்லக்கா. பியானோல ஸ்வரத்தை வளைக்க முடியாது. வளையற இடத்தை விட்டுடறேன். கேக்கறவங்க காது அதை நிரப்பிக்கும்."

திமிரைப் பாருங்கள், வாசிக்காமல் இருப்பதற்கு ஒரு சித்தாந்தம்! மாமியாரோ பட்டு நூல் சுற்றும் ராட்டினத்தை நிறுத்திவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார். பத்து வருஷமாக நான் வாசித்தும் அந்த ராட்டினம் ஒருநாளும் நின்றதில்லை. எனக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

நவராத்திரி முழுக்க மழை. பியானோவில் மரம் ஊறி, மத்தியமக் கட்டையும் நிஷாதக் கட்டையும் அமுங்கினால் எழும்பவில்லை. 'ஒழிந்தாள்' என்று உள்ளுக்குள் குதித்தேன். விஜயதசமியன்று, பூஜையில் வைத்ததை எடுத்து மறுபடி தொடுவது எங்கள் வீட்டு வழக்கம். மாமியார் ராட்டினத்தைத் தொட்டுச் சுற்ற ஆரம்பித்தார். சின்னவள் பியானோவைத் தொட்டு மோகனம் எடுத்தாள். அந்த ராகத்தில் மத்தியமமும் இல்லை, நிஷாதமும் இல்லை! அதோடாவது விட்டாளா?

"அக்கா, நான் விடற இடத்துல நீங்க வாசிங்க" என்று பூஜைக்கு வந்தவர்கள் எதிரில் கூப்பிட்டாள்.

மறுத்தால் பயந்துவிட்டேன் என்பார்கள். அவள் சுருதிக்கு வீணையைச் சேர்த்துக்கொண்டு உட்கார்ந்தேன். காந்தாரத்தை ஒரு தட்டுத் தட்டிவிட்டுக் கையை எடுத்தாள். அந்த இடத்தில் நான் தந்தியை இழுத்தேன். அப்படி ஒரு குழைவு என் விரலில் அதுவரை வந்ததில்லை, எனக்கே புல்லரித்தது. ஓரக்கண்ணால் பார்த்தேன். ராட்டினம் நின்றிருந்தது.

முடித்ததும் மாமியார் எழுந்து வந்தார். என்னைத் தாண்டிப் போய் அவள் கன்னத்தை வழித்துத் திருஷ்டி கழித்தார்.

"இத்தினி வருசமா இவளும்தான் வூட்ல வாசிச்சிகினு கீறா. இன்னிக்குத்தான் கேக்கற மாதிரி இருந்திச்சி. எல்லாம் உன் கைராசி, சின்னவளே!"

பத்து வருஷமாக நான் கேட்ட வரம் கிடைத்தது, அவள் பேரில்.