எல்ம் மரத்துக்கு நான் சொன்ன வைத்தியம்

எழுபதுகளில் நாங்கள் ஊரைவிட்டுக் கடல் கடந்து கிளென் வேவர்லியில் வீடு வாங்கிக் குடிவந்தபோது, அந்தத் தெருவில் எங்களோடு முதலில் பேசியவர் அடுத்த வீட்டு வெள்ளைக்கார அம்மா. கணவர் இறந்து தனியாக இருந்தார். அவருடைய முன்வளவில் ஒரு எல்ம் மரம் நின்றது. உயரம் என்னவோ ஒரு ஆளைவிடச் சற்றுக் கூட. கிளைகள் எல்லாம் உச்சியிலிருந்து தொங்கி நிலத்தைத் தொடும். முப்பது வருடத்து மரம் என்றார். நான் நம்பவில்லை. எங்கள் ஊரில் அத்தனை வருடத்தில் எந்த மரமும் கூரையைத் தாண்டிவிடும்.

அவருடைய ஒரே மகள் அந்தக் கிளைகளுக்குள்தான் விளையாடுவாளாம். ஏழு வயதில் காய்ச்சலில் போய்விட்டாள். பின்னேரங்களில் அந்த அம்மா கிளைகளை விலக்கி உள்ளே போய்க் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு வருவார்.

ஒரு குளிர்காலக் காற்றில் பாதிக் கிளைகள் முறிந்து விழுந்தன. அவர் வேலியோரம் வந்து, இது பிழைக்குமா என்று கேட்டார். தெரியாது என்று சொல்லியிருக்கலாம். என் வாய் சும்மா இருக்காது. வருடா வருடம் முருங்கையை மொட்டையாக வெட்ட, அது திரும்பத் தழைத்துக் காய்த்துக் கொட்டுவதைப் பார்த்து வளர்ந்தவள் நான். அடியோடு கிளைகளை வெட்டிவிடுங்கள், முன்னைவிட அடர்த்தியாக வரும் என்றேன். நிச்சயமாகவா என்று இரண்டு தரம் கேட்டார். நிச்சயம் என்றேன்.

என் கணவருக்கு விருப்பமில்லை.

"ஆரோ வீட்டு மரம். உமக்கேன் இந்த வேலை?"

"நீங்கள் மரம் அறுக்கிற வாளைக் கொண்டு வாங்கோ. எனக்குத் தெரியும்."

கிளைகள் பிரியும் இடத்துக்குச் சற்றுக் கீழே தண்டில் ஒரு வீக்கம் இருந்தது. அது நோய் என்று நானே தீர்மானித்து, அதற்கும் கீழே அறுக்கச் சொன்னேன்.

வசந்தத்தில் துளிர்த்தது. எனக்குத் தலைகால் புரியாத பெருமை. அந்த அம்மா என்னைக் கட்டிக்கொண்டு அழுதார்.

துளிர்கள் கிடுகிடுவென வளர்ந்தன, எல்லாம் நேரே வானத்தைப் பார்த்து. பாரம் வந்தால் தானாக வளையும் என்றேன். அடுத்த வருடமும் அதையே சொன்னேன். மூன்றாம் வருடம் கூரையைத் தாண்டியும் ஒரு கிளைகூடக் குனியவில்லை. மரக்கன்று விற்கும் கடைக்காரர் ஒருவரைக் கூட்டிவந்து காட்டினோம். தொங்குகிற மரம் மேலே ஒட்டப்பட்டது, கீழே இருப்பது சாதாரண எல்ம் என்றார். அந்த வீக்கம்தான் ஒட்டு. அதற்குக் கீழே வெட்டியபின் பழைய மரம் இனி வரவே வராது.

ஊரில் எங்கள் வளவிலேயே ஒட்டு மாமரம் நின்றது. எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். வெட்கத்தில் செத்துவிடலாம் போல இருந்தது.

அந்த அம்மா திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அடுத்த கிழமை ஆள் பிடித்து மரத்தை நிலமட்டத்துக்கு வெட்டுவித்தார். ஆனால் வசந்தம் வந்ததும் அடிக்கட்டையிலிருந்து துளிர்கள் நிமிர்ந்து கிளம்பின. அவர் நிலத்தில் முழங்காலூன்றிக் கத்தியால் ஒவ்வொன்றாக வெட்டுவதை, சமைத்துக்கொண்டு நின்ற நான் குசினி யன்னலால் பார்த்தேன். பொறுக்காமல் வேலியடிக்கு ஓடி, விடுங்கள், நான் வெட்டுகிறேன் என்றேன்.

அவர் தலை நிமிராமலே, "வேண்டாம், நீ அதைத் தொடாதே" என்றார்.