மாவு மில்லுக்கு வந்த கோலார் கல்

கொருக்குப்பேட்டையில் மாவு மில் வைத்திருப்பவனிடம் எதை வேண்டுமானாலும் அரைக்கக் கொண்டுவருவார்கள். சீயக்காய், கொள்ளு, ரோஜாச் செடிக்குப் போட முட்டை ஓடு. ஆனால் கல்லைக் கொண்டுவந்தது அந்த அக்கா ஒருத்திதான்.

மில்லுக்குப் பின்னால், ரயில்வே லைனை ஒட்டிய குடியிருப்பில் இருப்பவர். மாதம் தவறாமல் மிளகாயும் மல்லியும் கொண்டுவருவார். அன்று மத்தியானம் கூட்டமில்லாத நேரமாகப் பார்த்து வந்து, மஞ்சப்பையைப் பலகைமேல் வைத்தார். டொக்கென்று சத்தம் கேட்டது.

"இத்த அரைச்சுக் குடுப்பியாண்ணே?"

உள்ளே கைக்கு அடங்கும் அளவில் மூன்று கற்கள். சாம்பல் நிறத்தில் நீலம் ஓடியிருந்தது. இதைப் போட்டால் என் மிஷின் அன்றோடு காயலான் கடைக்குப் போக வேண்டியதுதான் என்றேன். அவர் சிரிக்கவில்லை. ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னார்.

அவருடைய அப்பா கோலார் தங்கச் சுரங்கத்தில், பாறையை இடிக்கிற ஆலையில் வேலை பார்த்தவர். திடீரென்று ஒருநாள் வேலையை விட்டுவிட்டுக் குடும்பத்தோடு இங்கே வந்து, கூட்ஸ் யார்டில் மூட்டை தூக்கி, இருமி இருமியே செத்துப்போனார். மிச்சம் வைத்துவிட்டுப் போனது இந்த மூன்று கற்கள்தான்.

"குப்பை மேட்டுல ஞாபகத்துக்குப் பொறுக்கினதுன்னு நைனா சொல்லிகினு இருந்தாரு. எங்கண்ணன் இன்னா சொல்றான்னா, இது திருட்டுக் கல்லாம். மாட்டிக்குவோம்னு பயந்துதான் வேலைய வுட்டு ஓடியாந்தாராம். கருமாதி அன்னிக்கு, சொந்தக்காரங்க அத்தினி பேரு முன்னாடி சொல்றாண்ணே!"

அன்றைக்கு அவர் அண்ணனை வாய்க்கு வந்தபடி ஏசியிருக்கிறார். பத்து வருடமாகப் பேச்சுவார்த்தை இல்லை. அண்ணன் எண்ணூரில் இருக்கிறார். இப்போது மகள் கல்யாணத்துக்குப் பத்திரிகை அனுப்பியிருக்கிறாராம்.

"வெறுங்கல்லுன்னு தெரிஞ்சா போதும். அவன் முன்னாடி வெச்சு, நைனா படத்தாண்ட மன்னிப்பு கேக்க வெச்சிட்டுத்தான் பந்தியில குந்துவேன்."

"தங்கம் இருந்துச்சுன்னா?"

"இருக்காது."

அங்கேயே முடியாது என்று சொல்லி அனுப்பியிருக்க வேண்டும். எனக்கு ஒரு கெட்ட பழக்கம், எதையாவது எப்படி அரைக்கிறார்கள் என்று தெரியாமல் இருந்தால் சோறு இறங்காது. கல்லை எப்படி மாவாக்கினார்கள்? மாவிலிருந்து தங்கத்தை எப்படிப் பிரித்தார்கள்? இரண்டு நாள் பொறுங்கள் அக்கா என்றேன். அந்த இரண்டு நாளும் மில்லில் உட்கார்ந்து கிடைத்ததையெல்லாம் படித்தேன்.

படிக்கப் படிக்க ஆச்சரியம். வெள்ளைக்காரன் காலத்தில், கோலார் பெயரெடுக்கும் முன்பே, நீலகிரியை ஒட்டிய பந்தலூர், தேவாலா பக்கம் தங்கம் என்று ஒரு வெறி கிளம்பியிருக்கிறது. லண்டனில் கம்பெனிமேல் கம்பெனியாக ஆரம்பித்து, கப்பலில் இயந்திரம் ஏற்றி, மலைமேல் இழுத்துக்கொண்டு போயிருக்கிறார்கள். இயந்திரம் தயார், கல்லில் மட்டும் சொன்ன அளவுக்குத் தங்கம் இல்லை. நெல் விளைகிற ஊரா என்று பார்க்காமலே ரைஸ் மில் கட்டியிருக்கிறார்கள், பெரிய பெரிய படிப்பாளிகள்! என் தொழிலில் எவனாவது அப்படிச் செய்தால் ஊரே சிரிக்கும்.

கோலாரிலும் முதலில் அதே கதைதான். கையிலிருந்த பணம் கரைந்து, மூட்டை கட்டப்போகிற நேரத்தில், இன்னும் கொஞ்சம் ஆழமாகத் தோண்டியபோது வசமாக மாட்டியிருக்கிறது. அப்புறம் வட ஆற்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் நம் ஆட்கள் சாரிசாரியாகப் போயிருக்கிறார்கள். ஆலையில் வரிசையாக இரும்பு உலக்கைகள். ஒரு உருளை சுற்றச் சுற்ற, அவை ஒவ்வொன்றாக எழும்பிக் கல்மேல் விழும். இடிபட்ட மாவு தண்ணீரோடு ஓடிவந்து, பாதரசம் பூசிய செப்புத் தகட்டின்மேல் வழியும். தங்கம் பாதரசத்தில் ஒட்டிக்கொள்ளும். அதைச் சுரண்டிச் சூடாக்கினால் பாதரசம் ஆவியாகித் தங்கம் நிற்கும். வேலை முடிந்து வெளியே வருகிறவர்களைத் தலைமுடி வரை தடவிப் பார்ப்பார்களாம். அரைப்படி மாவு குறைந்தால் பெண்கள் என்னைப் பார்க்கிற பார்வை எனக்குத் தெரியும். அதைத் தினமும் தாங்கியிருக்கிறார்கள் என்று நினைத்தபோது பாவமாக இருந்தது.

பாதரசத்துக்கு நான் எங்கே போவேன்? அதற்கெல்லாம் முன்னாடி நம் ஊர்க்காரர்கள் உரலில் இடித்துத் தண்ணீரில் அலசியே எடுத்திருக்கிறார்கள். அது போதும் என்று முடிவு செய்தேன்.

மூன்றாம் நாள் அக்கா வந்தார். தூசி கிளம்பாமலிருக்க ஒரு கல்லை ஈரச் சாக்கில் சுற்றி, சம்மட்டியால் உடைத்து, இரும்பு உரலில் இடித்தேன். கை விட்டுப்போயிற்று. ரவை சலிக்கிற சல்லடையில் சலித்து, ஒரு பங்கை அலுமினியப் பாத்திரத்தில் போட்டுத் தண்ணீர் ஊற்றினேன். எனக்குச் சுழற்றத் தெரியவில்லை.

"குடுண்ணே, ரேஷன் அரிசி களைஞ்ச கை இது" என்று வாங்கிக்கொண்டார். சோற்றில் கல் கடிபடாமல் அரிசி அரிப்பார்களே, அதே சுழற்சி. தண்ணீரோடு லேசான மண் அலை அலையாக அடுத்த பாத்திரத்துக்குப் போயிற்று. நான் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருக்கும்போதே, அடியில் தங்கியதைச் சாக்கடையில் வீசிவிட்டார்.

"ஐயோ அக்கா! அடியில நிக்கிறதுதான் வேணும்!"

அரிசி அரிக்கும்போது அடியில் நிற்பது கல், வீச வேண்டியது. அவர் கைக்கு அதுதானே தெரியும். இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தோம். நாங்கள் சிரித்தது அதுதான் கடைசி.

அடுத்த பங்கை நிதானமாக அரித்தார். அடியில் கறுப்பு மண் ஒரு சிட்டிகை நின்றது. பாத்திரத்தைச் சாய்த்தார். கறுப்பின் ஓரத்தில் நகக்கண் அளவுக்கு மஞ்சளாக ஒரு கோடு.

போலித் தங்கமும் மின்னும், ஊசியால் அழுத்தினால் நொறுங்கிவிடும் என்று படித்திருந்தேன். சொன்னேன். வளையலில் மாட்டியிருந்த ஊக்கைக் கழற்றி, மஞ்சளில் ஒரு துகளை அவரே அழுத்தினார். நொறுங்கவில்லை. தட்டையாயிற்று. இன்னொன்றை அழுத்தினார். அதுவும் தட்டையாயிற்று.

எனக்கு உள்ளுக்குள் ஒரு துள்ளல். நூற்றுக்கணக்கான பேர் கடல் தாண்டி வந்து தேடியது என் மில்லில், என் பாத்திரத்தில்! அவர் முகத்தைப் பார்த்த பிறகுதான் வெட்கமாயிற்று.

"குப்பை மேட்டுக் கல்லுலயும் கொஞ்சம் ஒட்டிக்கிட்டு இருக்கும்க்கா" என்றேன். உண்மைதான். ஆனால் அவருக்காகத்தான் சொன்னேன்.

"வேணாம்ணே. இத்த பழைய வேட்டித் துணியில சுத்தி, நாலு பக்கமும் தெச்சு, தலைகாணி உள்ளாற வெச்சிருந்தாரு. நான்தான் பிரிச்சேன். ஞாபகத்துக்கு வெச்சுக்கிறவன் எதுக்கு தைக்கிறான்? அன்னிக்கே எனக்குத் தெரியும். தெரிஞ்சேதான் அண்ணன்கூட சண்ட போட்டேன்."

கையைக் கழுவிக்கொண்டார். எண்ணூர் வண்டி எத்தனை மணிக்கு என்று கேட்டார். இன்றைக்கே போய்ச் சொல்லாவிட்டால் மனசு மாறிவிடும் என்றார். பாத்திரத்தில் நின்ற மஞ்சளை என்ன செய்வது என்று நான் கேட்கும்போதே ஸ்டேஷன் பக்கம் நடந்தார்.

நாலு நாள் கழித்துக் கல்யாணத்துக்கு அதிரச மாவு அரைக்க வந்தார். அரிசியை இறக்கி வைக்கும்வரை பொறுக்க முடியாமல், அண்ணன் என்ன சொன்னார் என்று கேட்டேன்.

"'நீ சொன்னதுதான் நிஜம்ண்ணா, நைனா திருடிட்டுத்தான் வந்தாரு'ன்னு அவங்கிட்ட சொன்னேன். சந்தோசப்படுவான்னு பாத்தேன். பேஸ்தடிச்ச மாதிரி குந்திட்டான். அப்பறம் சொல்றான், 'பத்து வருசமா, நைனா திருடலன்னு நீ சொன்னதுதான் நிஜமா இருக்கணும்னு சாமிய கும்ட்டுகினு இருந்தேன். இத்த வந்து ஏண்டி சொன்னே'ன்னு."