குழாயில் சத்தம் வராத காலை

நான் வாசிக்க வாசிக்க அண்ணாச்சி தலையாட்டிக்கொண்டே நின்றார். எங்கள் மாட்டுங்கா கட்டடத்தின் கமிட்டிக் கூட்டம் தலைவர் வீட்டு ஹாலில் நடந்தது. ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணி இருக்கும். செருப்பை வெளியே விட்டுவிட்டு, உள்ளேயும் வராமல் திரும்பியும் போகாமல் நிலைப்படியை ஒட்டி நின்றார். உட்காரச் சொன்னோம், உட்காரவில்லை. இங்கிலீஷில் ஒரு பக்கத்துக்கு நான் எழுதியிருந்த விசாரணை அறிக்கையை அவருக்காக வரி வரியாகத் தமிழில் சொன்னேன். ஒவ்வொரு வரி முடிந்ததும் அவர் தலை ஒருமுறை அசைந்தது. தன்மேல் சுமத்தப்பட்ட குற்றத்தைத்தான் கேட்கிறோம் என்று புரிந்து ஆட்டினாரா, பெரிய மனிதர்கள் வாசிக்கும்போது ஆட்ட வேண்டும் என்று ஆட்டினாரா என்று பதினோரு வருடமாகியும் எனக்குத் தெரியவில்லை. அன்றைக்கு அது எனக்கு மிகவும் திருப்தியாக இருந்தது. அதைச் சொல்லத்தான் வெட்கமாக இருக்கிறது.

அண்ணாச்சி எங்கள் கட்டடத்து பம்ப்காரர். திருநெல்வேலிப் பக்கம். எங்கள் பகுதியில் தண்ணீர் விடியற்காலை இரண்டு மணி நேரம் வரும். கீழ்த்தொட்டியில் சேர்வதை பம்ப் போட்டு மொட்டைமாடித் தொட்டிக்கு ஏற்ற வேண்டும். மேலே நிரம்பிவிட்டதா என்று சொல்ல எந்தக் கருவியும் கிடையாது. மிஞ்சுகிற தண்ணீர் ஒரு குழாய் வழியாக இறங்கி முற்றத்துச் சாக்கடையில் சடசடவென்று கொட்டும். அந்தச் சத்தம் கேட்டதும் அண்ணாச்சி பம்பை நிறுத்துவார். பதினேழு வருடம் இப்படித்தான் நடந்தது. பம்ப்புக்குப் பக்கத்திலேயே ஒரு சின்ன அறையில் மனைவியோடும் மகளோடும் இருந்தார். மனைவி எங்கள் கட்டடத்திலேயே நாலு வீட்டில் வேலை செய்தாள். மகள் அருகிலிருந்த பள்ளியில் பத்தாவது படித்தாள். வேலை, வீடு, பள்ளி மூன்றும் அந்த ஒரு அறையைப் பிடித்துக்கொண்டு நின்றன.

அந்த வருடம் மழைக்காலத் தொடக்கத்தில் ஒரு காலை, மொட்டைமாடித் தொட்டி நிரம்பித் தண்ணீர் மாடிப்படி வழியாக இறங்கியது. மூன்றாம் மாடி மாமா வாக்கிங் போகக் கதவைத் திறந்து வந்தவர், ஈரத்தில் வழுக்கி ஏழெட்டுப் படி உருண்டார். இடுப்பெலும்பு முறிந்தது. பிறகு அவர் ஒருநாளும் தானாக நடக்கவில்லை. மாமி அழுது முடித்த பிறகு கேட்டது ஒரே கேள்விதான். "யாராவது ஒருத்தர் இதுக்குப் பதில் சொல்லணுமா இல்லையா? அறுபத்தெட்டு வருஷமா நடக்கற மனுஷர் சும்மாவா விழுவார்?" கமிட்டி கூடியது. செயலாளர் நான்தான். விசாரித்து எழுதும் வேலையும் என் தலையில் விழுந்தது.

விழுந்தது என்று சொல்வது பொய். நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். நான் வேலை பார்த்தது இன்ஷூரன்ஸ் கம்பெனியில், இழப்பீட்டு மனுக்களைப் பார்க்கும் பிரிவில். தீப்பிடித்த கடையோ, மோதிய லாரியோ, எது வந்தாலும் என்ன நடந்தது என்பதை ஒரு பக்கத்தில் எழுதி மேலே அனுப்ப வேண்டும். ஒன்றிலிருந்து ஒன்று வர வேண்டும். நடுவில் ஓட்டை இருந்தால் காகிதம் திரும்பி வந்துவிடும். என் காகிதம் திரும்பி வந்ததே இல்லை என்று ஆபீசில் பெயர். அந்தப் பெருமை எனக்குக் கொஞ்சநஞ்சமில்லை. வீட்டில் பால் திரிந்தால்கூட யார் எப்போது பாத்திரத்தைக் கழுவினார்கள் என்று தொடங்கிவிடுவேன். என் கணவர், "திரிஞ்சது பால்தானே, விடேன்" என்பார். எனக்கு விட வராது.

அண்ணாச்சியைக் கூப்பிட்டு நடந்ததைச் சொல்லச் சொன்னேன். அவர் சொன்னது இப்போதும் காதில் இருக்கிறது. "பம்பு போட்டேன். பொறவு பால்காரன் வந்தான். பொறவு காக்கா ஒண்ணு மீட்டர் பெட்டி மேல உக்காந்து கத்திச்சு, வெரட்டினேன். பைப்புல சத்தமே வரல. போன் பேசிட்டு நின்னேன். தண்ணி படி வழியா வந்துட்டு. மாமா விழுந்துட்டாவ. நான் தூக்கினேன்." எது முன்னால், எது பின்னால் என்று கேட்டேன். "எல்லாம் ஒண்ணாத்தாம்மா நடந்துச்சு" என்றார். எனக்கு எரிச்சலாக வந்தது. காக்காய்க்கும் இடுப்பெலும்புக்கும் என்ன சம்பந்தம்? இதை எழுதிக் கொடுத்தால் கமிட்டி சிரிக்கும்.

ஆகவே நான் ஒழுங்கு பண்ணினேன். பால்காரனை எடுத்தேன், காக்காயை எடுத்தேன். போன் மட்டும் கெட்டியாகக் கையில் நின்றது. பம்ப் ஓடும்போது ஒரு மனிதன் போன் பேசினான் என்றால் அதற்கு ஒரு வேலை இருந்தாக வேண்டும் அல்லவா? பம்ப்காரர் போனில் பேசிக்கொண்டிருந்தார், அதனால் பம்பை நிறுத்த மறந்தார், அதனால் தொட்டி நிரம்பி வழிந்தது, அதனால் படி நனைந்தது, அதனால் மாமா விழுந்தார். வாசித்துப் பார்த்தேன். எங்கேயும் தட்டவில்லை. குழாயில் சத்தம் வரவில்லை என்று அவர் சொன்னதை ஏன் விட்டேன்? அது எங்கேயும் போய்ச் சேரவில்லை என்று விட்டேன் என்றுதான் நெடுநாள் நினைத்திருந்தேன். ஆனால் அதற்கு முந்தைய கூட்டத்தில்தான், குழாயில் தண்ணீர் மெலிந்து வருகிறது, அடைப்பு இருக்கும் போல என்று அண்ணாச்சி சொன்னதை, மழைக்காலம் முடிந்து பார்த்துக்கொள்ளலாம் என்று நானே குறிப்பில் எழுதியிருந்தேன். அந்த வரியைத் தொடர்ந்து போயிருந்தால் அது நேராக என் வீட்டு வாசலுக்கு வந்திருக்கும்.

பதினைந்து நாளில் அறையைக் காலி செய்யச் சொன்னோம். அவர்கள் லேபர் கேம்ப் குடிசைப் பகுதியில் ஓர் உறவினர் வீட்டு மாடிக்குப் போனார்கள். மகள் அந்த வருடம் பத்தாவதில் தேறவில்லை. "அதனால்" என்று இங்கே என் பேனா மறுபடியும் எழுதப் பார்த்தது. நிறுத்திக்கொண்டேன். அவள் கணக்கில் முன்பே மோசம். அந்த அறையிலேயே இருந்திருந்தாலும் தவறியிருக்கலாம். எனக்குத் தெரியாது. இவ்வளவு பட்ட பிறகும் கை தானாக அங்கேதான் போகிறது என்பதை நினைத்தால் என்மேலேயே ஆத்திரம் வருகிறது.

நான் எழுதிய கதை கட்டடத்தில் நன்றாக வளர்ந்தது. முதலில் அண்ணாச்சி போன் பேசிக்கொண்டிருந்தார். ஆறு மாதத்தில் சிரித்துச் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார். மாமா படுக்கையிலேயே போய்ச் சேர்ந்த பிறகு, துக்கம் கேட்க வந்தவர்களிடம் மாமி, "எவளோடயோ அரை மணி நேரம்" என்றாள். அவளைக் குறை சொல்ல நான் யார்? எனக்கே அந்தக் காட்சி தெரிகிறது. பம்ப் ஓடுகிறது, சுவரில் சாய்ந்து ஒரு காலை மடித்து வைத்துக்கொண்டு, போனைக் காதில் இடுக்கியபடி அண்ணாச்சி நிற்கிறார், அவர் முதுகுக்குப் பின்னால் படியில் தண்ணீர் இறங்குகிறது. சட்டையின் நிறம்கூடச் சொல்வேன். அன்று காலை நான் குளித்துக்கொண்டிருந்தேன். எதையும் பார்க்கவில்லை. மாமியின் அலறல் கேட்டு ஈரத்தலையோடு ஓடியபோது எல்லாம் முடிந்திருந்தது. பார்க்காத ஒன்றை இவ்வளவு தெளிவாக நினைவு வைத்திருக்கிறேன், பார்த்தது பாதி மறந்துவிட்டது.

போன மழைக்காலத்தில் அந்தக் குழாய் மறுபடி அடைத்தது. எங்கள் பழைய பிளம்பர், குர்லாவிலிருந்து வருகிறவர், ஏணியில் நின்றபடி சாதாரணமாகச் சொன்னார். "மேடம், உஸ் தின் பி அண்ணா நே போன் கியா தா. போலா, பைப் ஜாம் ஹை, மோட்டர் பந்த் கர் தியா, ஜல்தி ஆ." மாமா விழுந்த அன்றும் அண்ணாச்சி தனக்குப் போன் செய்தார், குழாய் அடைத்திருக்கிறது, மோட்டாரை நிறுத்திவிட்டேன், சீக்கிரம் வா என்றார் என்கிறார். எந்த நாள் என்று எப்படித் தெரியும் என்று குறுக்கு விசாரணை செய்தேன். என்னிடம் யாரும் சும்மா கதை சொல்லிவிட்டுப் போக முடியாது. அவர் சிரித்தார். அன்று காலைதான் சயான் ஆஸ்பத்திரியில் அவர் மகன் பிறந்தான், அதனால்தான் வர முடியவில்லை, மறுநாள் வந்தபோது தலைவரிடம் திட்டு வாங்கினார். பையனின் பிறந்த தேதியைக் கேட்டேன். மாடிக்கு ஓடி என் பழைய அறிக்கையை எடுத்துப் பார்த்தேன். அதே தேதி.

அந்தப் போன் வெள்ளத்துக்குக் காரணம் இல்லை. வெள்ளத்தைப் பார்த்துவிட்டுச் செய்த போன் அது. சத்தத்துக்காகக் காத்து நின்றவருக்குச் சத்தம் வரவில்லை. படியில் தண்ணீரைப் பார்த்ததும் பம்பை நிறுத்திவிட்டு, செய்ய வேண்டியதைத்தான் செய்திருக்கிறார். நான் முன்னும் பின்னும் மாற்றி வைத்தேன். ஏன் அன்றே அண்ணாச்சி சொல்லவில்லை என்று முதலில் அவர்மேல்தான் கோபப்பட்டேன். யாரோடு பேசினீர்கள் என்று நான் கேட்கவே இல்லை என்பது இரண்டு நாள் கழித்துத்தான் உறைத்தது.

திருத்திய அறிக்கை ஒன்று எழுதிக் கமிட்டியிடம் கொடுத்தேன். இப்போதைய தலைவர் சின்னப் பையன், நல்லவன். "ஆன்ட்டி, மாமாவும் போயாச்சு, அந்த ரூம்ல இப்ப ஜெனரேட்டர் இருக்கு. இதை வச்சு என்ன பண்றது?" என்றான். மாமி ஒரு வரிக்கு மேல் கேட்கவில்லை. "அப்போ யாராலயும் இல்லைங்கறயா? போறும் போ" என்று கதவைச் சாத்திவிட்டாள். பொய்யை ஒரு பக்கத்தில் எழுதி ஒரே கூட்டத்தில் நிறைவேற்றினேன். உண்மையை நாலு பக்கம் எழுதியும் ஒருவர் கையில் வைக்க முடியவில்லை. சரி, உரியவரிடமே கொடுப்போம் என்று பிளம்பரிடம் விலாசம் கேட்டு லேபர் கேம்ப்புக்குப் போனேன்.

இரும்பு ஏணியில் ஏறிப் போகிற அறை. அண்ணாச்சி வீட்டில்தான் இருந்தார். தலை முழுக்க நரைத்துவிட்டது. "யம்மா, நீங்களா? இம்புட்டு தூரம் ஏறி வந்தியளா?" என்று பதறி, பாயைத் தட்டிப் போட்டார். மனைவி டீ வைத்தாள். ஒரு பிளாஸ்டிக் கிடங்கில் காவல் இருக்கிறாராம். மகளுக்குக் கல்யாணமாகி மலாடில் இருக்கிறாளாம். நான் வந்த விஷயத்தைத் தொடங்குவதற்குள் அவரே தொடங்கிவிட்டார்.

"மாமா எறந்துட்டாவன்னு கேள்விப்பட்டேன். வரத்தான் நெனச்சேன், எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு வர? நான் அன்னைக்கு போன் பேசாம இருந்திருந்தா அவுக நடமாடிக்கிட்டு இருந்திருப்பாவ."

"அண்ணாச்சி, நீங்க மறக்கலை. நீங்க பிளம்பருக்குத்தான் போன் பண்ணினேள். பம்பை நிறுத்தினதுக்கப்புறம்" என்றேன்.

"இல்லம்மா. பேசிக்கிட்டே மறந்துட்டேன். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. ஊருல உள்ள அண்ணன்கிட்ட பேசிக்கிட்டு இருந்தேன்."

அவர் மனைவி டீயை வைத்துவிட்டுச் சொன்னாள், "அன்னையிலருந்து இவுக போனைத் தொடுததில்ல. தொட்டா நான் சத்தம் போடுவேன். ஒரு போனுனால குடியிருந்த எடம் போச்சுல்லா."

எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. பதினோரு வருடமாக இந்த மனிதர் தன் நினைவைத் தூக்கி எறிந்துவிட்டு என் காகிதத்தை மனப்பாடம் செய்திருக்கிறார். நான் அண்ணனைப் பற்றி எழுதவே இல்லை. அந்த அண்ணனை அவரே கொண்டுவந்து, என் கதையில் மிச்சமிருந்த ஓட்டையை அடைத்திருக்கிறார். நான் குரலை உயர்த்திவிட்டேன். பிளம்பரின் மகன் பிறந்த தேதி, குழாய் அடைப்பு, நாங்கள் தள்ளிப்போட்டது, எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். ஆபீசில் சொல்வதுபோல் விரல் விட்டுச் சொன்னேன். உங்கள்மேல் ஒரு தப்பும் இல்லை, தப்பு எங்களுடையது, அதைத்தான் இதில் எழுதியிருக்கிறேன் என்று நாலு பக்கத்தையும் அவர் முன்னால் வைத்தேன்.

இந்த முறை அவர் தலையாட்டவில்லை. மனைவியைப் பார்த்தார். அவள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு ஏணிப் பக்கம் திரும்பிவிட்டாள். அவர் காகிதத்தைத் தொடவும் இல்லை, தள்ளவும் இல்லை. கோபமே இல்லாமல், உண்மையாகவே தெரிந்துகொள்ள வேண்டும் என்பதுபோல் கேட்டார்.

"அப்பம் எங்கள எதுக்கும்மா அனுப்பினிய?"

அந்த நாலு பக்கத்தையும் எடுத்து முதலிலிருந்து புரட்டினேன். டீ ஆறும் வரை நான் அங்கேயே உட்கார்ந்திருந்தேன்.