மலைக்குப் பறிகொடுத்த மாப்பிள்ளை

இன்னொருத்தியோடு ஓடிப்போயிருந்தால் அவள் வீட்டு வாசலில் நின்று மண்ணை வாரித் தூற்றியிருப்பேன். என் மாமன் மகன் போனதோ முருகனிடம். திருத்தணி மலையேறிப் போய் யாரை ஏசுவது?

பொதட்டூர்பேட்டையில் எங்களுக்குத் தாம்பூலம் மாற்றியாகியிருந்தது. ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுத்துப் போனவர் மொட்டைத் தலையோடு திரும்பினார். வேண்டுதல் என்று நினைத்து, மாப்பிள்ளைக்கு மொட்டை எடுப்பாகத்தான் இருக்கிறது என்று கேலி செய்தேன்.

"கேலி பண்ணாதே. முருகன் என்னைக் கூப்டுகினே இருக்கான். நான் மடத்துக்குப் போறேன். இனிமே எல்லாப் பொம்பளைங்களும் எனக்குத் தாயிதான்" என்றார்.

முந்தின வாரம்வரை என் கையை விடாமல் பிடித்துக்கொண்டு பேசியவர்! வள்ளியைக் காதலித்துக் கட்டிக்கொண்ட சாமிக்குத் தொண்டு செய்ய, இவர் என்னைக் கைவிட வேண்டுமாம்.

அதைவிட எரிச்சல் ஊராரால் வந்தது. "சாமிக்கே வுட்டுக்குடுத்தே, புண்ணியம்டி" என்றார்கள். நான் எங்கே விட்டுக்கொடுத்தேன்? சாமிதான் பிடுங்கிக்கொண்டு போனது. முருகனுக்குக் கோபம் தணிந்த மலை என்பார்கள், எனக்குத் தணியவில்லை. வேறு கல்யாணமும் செய்துகொள்ளவில்லை. அது தியாகம் இல்லை, வீம்பு. விசைத்தறி ஓட்டிப் பிழைத்துக்கொண்டேன்.

போன வருஷம் அவர் மடத்துக்கே தலைவராகி, மலையடிவாரத்து மண்டபத்தில் ஆசி வழங்க வந்தார். காவி, தாடி, சுற்றிலும் படம் பிடிக்கும் செல்போன்கள். சாமி பழைய உறவுகளை அடியோடு மறந்தவர், பெற்றவள் முகம்கூட நினைவில்லை என்று ஒருவர் மைக்கில் புகழ்ந்துகொண்டிருந்தார். அதைப் பொய்யாக்கிவிட்டுத்தான் போவது என்று வரிசையில் நின்றேன்.

என் முறை வந்தது. கண்ணை மூடியபடி, "தாயே, நலம் உண்டாகட்டும்" என்று விபூதியை நீட்டினார். எங்கள் பக்கம் முறைமாப்பிள்ளையைக் கூப்பிடும் சொல் ஒன்று உண்டு. தறிச்சத்தத்தில் பேசிப் பழகிய தொண்டையால் கூப்பிட்டேன்.

"பாவா!"

"ஆங்" என்றார்.

யோசிக்கவே இல்லை. அடுத்த அறையிலிருந்து குரல் கொடுப்பதுபோல அப்படிச் சொன்னார். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்ததும் விபூதியைச் சிந்திவிட்டார். மைக்கில் புகழ்ந்தவர் பேச்சை நிறுத்திவிட்டார்.

"எப்ப வந்தே? நல்லா கீறியா?" என்று கேட்டார். மடத்துத் தமிழெல்லாம் எங்கேயோ போய்விட்டிருந்தது.

அந்த ஒரு கேள்விக்காகத்தான் இத்தனை வருஷம் காத்திருந்தேன். பதில் சொல்ல நாக்குத் துடித்தது. அந்தச் சுகத்தை அவருக்குத் தர எனக்கு மனசில்லை.

"சீக்கிரம் விபூதி குடுங்க சாமி" என்றேன். "பின்னாடி ஜனம் நின்னுகினு இருக்குது."