எல்லா வீட்டிலும் முழங்கால்

வெள்ளம் வடிந்த பிறகுதான் எங்கள் வேலை தொடங்கும். எந்தத் தெருவில் தண்ணீர் எவ்வளவு உயரம் நின்றது என்று வீடு வீடாகக் கேட்டு, மட்டம் பார்க்கும் லெவல் கருவி வைத்து அளந்து, பதிவேட்டில் ஏற்ற வேண்டும். தெருவின் தாழ்ந்த முனையில் இருக்கும் வீட்டுச் சுவரில் அந்த உயரத்துக்குச் சிவப்புப் பெயிண்டில் ஒரு கோடு போட வேண்டும். வாய்க்காலுக்குத் தடுப்புச் சுவர் எவ்வளவு உயரம் எழுப்புவது என்பது அந்தக் கோட்டை வைத்துத்தான் முடிவாகும். கேட்பதற்குச் சுலபமான வேலைதான். ஆனால் எங்கள் மதுரை ஆட்களிடம் உயரம் கேட்டுப் பாருங்கள், தெரியும்.

"எம்புட்டு ஒசரம் வந்துச்சு?" என்றால் ஒருவர் இடுப்பைத் தட்டிக் காட்டுவார், ஒருவர் கிரைண்டரைக் கை காட்டுவார், இன்னொருவர் "பைக் சைலன்சர் முங்கிருச்சு மேடம்" என்பார். இடுப்பென்றால் யாருடைய இடுப்பு? அதனால் நான் ஒரு முறை வைத்திருக்கிறேன். தண்ணீர் நின்ற இடத்திலேயே ஆளை நிற்கச் சொல்லி, நனைந்த உயரத்தில் கை வைக்கச் சொல்லி, அந்தக் கைக்குப் பக்கத்தில் ஸ்டாஃப் எனப்படும் உயரமான அளவுகோலை நிறுத்திவிடுவேன். முதலில் அலுவலகத்தில் சிரித்தார்கள். இப்போது எல்லோரும் அப்படித்தான் அளக்கிறார்கள். என்னைப் பெருமைக்காரி என்று என் வீட்டுக்காரர் சொல்வார். இருந்துவிட்டுப் போகிறேன்.

அந்த வருடம் ஐப்பசி மழையில் வைகைக்கு வடக்கே கண்மாய் நிறைந்து, உபரித் தண்ணீர் ஆற்றுக்குப் போகும் வாய்க்கால் வழிந்து, அப்பாவின் தெரு மூழ்கியது. நான் பிறந்து வளர்ந்த தெரு. முட்டி வலியால் படியேற முடியாத அம்மாவை பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்து நாலு பேர் மொட்டை மாடிக்குத் தூக்கிப் போனார்கள். அன்றோடு அப்பா முடிவு செய்துவிட்டார்: வீட்டை விற்றுவிட்டு மேட்டுப் பக்கம் குடி போய்விடுவது. தன் மகனுக்கு மதுரையில் வேலை கிடைத்ததால் வீடு தேடிக்கொண்டிருந்த எழுமலை ஊர்க்காரர் ஒருவர் வந்து பார்ப்பதாகச் சொல்லியிருந்தார். சுவரில் படிந்திருந்த சேற்றுக் கறை மறைய அப்பா வெளிர்ப் பச்சை பெயிண்ட் அடித்தார்.

அந்த வாய்க்கால் ஓரத்துத் தெருக்களை அளக்கும் வேலை என் பங்குக்கு வந்தது. "ஒங்க தெருவ மட்டும் வேற ஆள்ட்ட குடுத்துரவாம்மா?" என்று மேலதிகாரி கேட்டார். நல்ல மனிதர். வேண்டாம் சார் என்றேன். என் தெருவை என்னைவிட ஒழுங்காக யார் அளந்துவிடப் போகிறார்கள் என்ற திமிர்தான், வேறென்ன.

நானும் ஸ்டாஃப் பிடிக்கும் அண்ணனும் தெருவின் மேல் முனையில் ஆரம்பித்தோம். முதல் வீட்டு அக்கா வாசலில் நின்று முழங்காலைத் தொட்டார். "இம்புட்டுத்தான் பாப்பா." எழுதிக்கொண்டேன். அடுத்த வீட்டிலும் முழங்கால். நடு வீட்டு டெய்லர் அண்ணனுக்கும் முழங்கால். நெட்டையானவருக்கும் குட்டையானவருக்கும் முழங்கால். ஒருவர் நான் வாயைத் திறப்பதற்கு முன்பே முழங்காலைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

தெருவே கூடிப் பேசி வைத்திருக்கிறது என்று புரிந்தது. உண்மையைச் சொன்னால் வெள்ளத் தெரு என்று பெயராகிவிடும், வீடு விலை போகாது, வாடகைக்கும் ஆள் வராது. பேசி வைத்தது யாரென்றும் எனக்குத் தெரியும். தெருச் சங்கத்துத் தலைவர் என் அப்பாதான்.

ஆனால் இத்தனை பேர் கூடிப் பேசியும் ஒன்றை மறந்துவிட்டார்கள். எங்கள் தெரு வாய்க்காலைப் பார்க்கச் சரிகிறது. பெடல் மிதிக்காமலே அந்த முனை வரைக்கும் சைக்கிளில் போய்விடலாம். மேல் முனையில் முழங்கால் நனைந்தால் கீழ் முனையில் நெஞ்சு நனைந்திருக்க வேண்டும். எல்லா வீட்டிலும் முழங்கால் என்றால், தண்ணீரும் தெருவோடு சேர்ந்து சாய்ந்துகொண்டு நின்றது என்று அர்த்தம். நடுத்தெருவில் நின்று வாய்விட்டுச் சிரித்தேன்.

வாய்க்காலை ஒட்டிய கடைசி வீடு எங்களுடையது. சிம்மக்கல்லில் இருக்கும் வெற்றிலைக் கடையைச் சாத்திவிட்டு, வெள்ளைச் சட்டையோடு அப்பா வாசலில் நின்றார்.

"எம்புட்டு ஒசரம்ப்பா?"

அவரும் குனிந்து முழங்காலைத் தொட்டார்.

"மேல அக்கா வீட்லயும் முழங்காலு, இங்கயும் முழங்காலா? தண்ணி என்ன சறுக்கு வெளயாடுச்சா?"

ஸ்டாஃப் பிடித்த அண்ணன் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார். அப்பா சிரிக்கவில்லை. என் பக்கத்தில் வந்து குரலைத் தாழ்த்தினார்.

"ஏத்தா, நாளைக்கு எழுமலைக்காரரு வாராரு. இந்தச் செவத்துல நீ கோடு போட்டேன்னா அம்புட்டுத்தான், முடிஞ்சுச்சு. ஒங்கம்மாள இன்னொருக்கா நாக்காலில வச்சுத் தூக்கச் சொல்றியா?"

அம்மா ஜன்னல் கம்பியைப் பிடித்தபடி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பாவின் பயம் பொய்யில்லை. ஆனால் என் கையில் இருந்ததும் விளையாட்டுச் சாமானில்லை.

"முழங்கால்னு எழுதுனா முழங்கால் கணக்குக்குத்தான்ப்பா செவரு கட்டுவாங்க. நீங்க வித்துட்டுப் போயிருவீங்க. எழுமலைக்காரரு வீட்லயும் ஒரு அம்மா இருப்பாங்கள்ல? அவங்கள யாரு தூக்குவா?"

அப்பா புதுப் பெயிண்ட் அடித்த சுவரைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு வாசற்படியிலிருந்து இறங்கி, தெருவில் நிமிர்ந்து நின்று, உள்ளங்கையை நெஞ்சில் வைத்தார். "இம்புட்டு" என்றார், தெருவுக்கே கேட்கும்படி.

கருவியில் கண் வைத்தேன். அதில் முகம் தெரியாது. ஸ்டாஃபின் எண்களும், வெள்ளைச் சட்டையில் ஒரு துண்டும், அதன்மேல் அப்பாவின் கையும்தான் தெரிந்தன. கணக்குப் போட்டுப் பார்த்தேன். மேல் வீட்டு அக்காவின் முழங்காலும் அப்பாவின் நெஞ்சும் ஒரே மட்டத்தில் வந்தன. எத்தனையோ தெருக்களை அளந்திருக்கிறேன், அவ்வளவு சந்தோஷம் எந்த ரீடிங்கிலும் வந்ததில்லை. நடு வீட்டுக்காரர்கள் ஒவ்வொருவராக முழங்காலிலிருந்து கையை எடுத்தார்கள். "அப்ப எனக்கு இடுப்புன்னு திருத்திக்க பாப்பா" என்றார் டெய்லர் அண்ணன்.

வீடு விலை போகவில்லை. இன்று அந்த நெஞ்சளவுக் கணக்கில்தான் வாய்க்காலுக்குச் சுவர் நிற்கிறது. அதற்குப் பின்னால் அதே வீட்டில்தான் அம்மாவும் அப்பாவும் இருக்கிறார்கள்.

அன்று மத்தியானம் கோடு போட்டு முடித்து, அம்மா போட்ட சோற்றைச் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். அப்பா சாப்பிட உட்காரவில்லை. கோபமாக இருக்கிறார் என்று நினைத்தேன். வாசலுக்குப் போய் எழுமலைக்காரருக்குப் போன் போட்டார்.

"அண்ணே, நாளைக்கு வாரதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லிர்றேன். தண்ணி நெஞ்சு வரைக்கும் வந்துச்சுண்ணே. செவத்துல கோடே போட்ருக்கு."

அந்தப் பக்கம் ஏதோ கேட்டார்கள். கோடு தப்பாக இருக்குமோ என்று கேட்டிருக்க வேண்டும்.

"தப்பா இருக்காதுண்ணே" என்றார் அப்பா. "அளந்தது எம் மக."