வாய்க்காலுக்கு மேற்கு

நான் செய்த பிழையால் ஒரு பெண் தன் கிணற்றை இழந்தாள். பிழை என்று தெரிந்த பிறகும் நான் வாய் திறக்கவில்லை. முதலாவதற்கு அவசரத்தைக் காரணம் சொல்லலாம். இரண்டாவதற்குச் சொல்ல ஒன்றுமில்லை.

அப்போது வேலூர் முன்சீப் கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளனாக இருந்தேன். நீதிபதிக்குத் தமிழ்ப் பேச்சு புரியும். பத்திர எழுத்து ஓடாது. பத்திரங்களை நான் ஆங்கிலத்தில் எழுதித் தருவேன். வக்கீல்களும் மூலத்தைப் பிரிக்காமல் அதையே படித்தார்கள்.

பாலாற்றங்கரையில் ஒரு விதவைக்கு வாய்க்காலின் இரு கரையிலும் நிலம் இருந்தது. மேற்குக் கரைத் துண்டில் கிணறு. பக்கத்தில் தோல் பதனிடும் ஷாப்பு. தோல் ஊறவைக்கத் தண்ணீர் போதாமல், அந்தத் துண்டு தன் மனையைச் சேர்ந்தது என்று ஷாப்பு முதலாளி வழக்குப் போட்டார்.

அவள் பத்திரத்தில் எல்லை ‘வாய்க்காலுக்கு மேற்கு’ என்றிருந்தது. நிலம் வாய்க்காலுக்கு மேற்கே கிடக்கிறது என்பதுதான் பொருள். நான் அந்த ‘க்கு’வை விழுங்கிவிட்டு, மேற்கு எல்லை வாய்க்கால் என்று எழுதிவிட்டேன். நிலம் கிழக்குக் கரைக்குத் தாவிவிட்டது. பத்திரம் கிழக்குக் கரை நிலத்துக்குத்தான், கிணற்றுக்கு இல்லை என்று தீர்ப்பானது.

தீர்ப்பு வாசிக்கும்போது மூலப் பத்திரம் என் கையில் இருந்தது. அந்த வரி கண்ணில் பட்டது. அதே நேரம் வராந்தாவில் ஒருவன் சிரித்தான்: “தோல ஊற வெச்ச மாதிரி கோர்ட்டையும் ஊற வெச்சிட்டான்யா ஷாப்புக்காரன்!” நான் யாரிடமும் ஒரு வெற்றிலைகூட வாங்கியதில்லை. ஆனால் பிழை என்று நான் சொன்னால் எல்லோர் காதிலும் லஞ்சம் என்றுதான் விழும். வாயை மூடிக்கொண்டேன்.

அப்பீலுக்கான கெடு போனது. அதே கோர்ட்டைத் தீர்ப்பைத் திரும்பப் பார்க்கச் சொல்லும் ரிவியூ மனுவுக்கு மட்டும் இன்னும் கெடு இருந்தது. அதற்குமேல் பொறுக்க முடியாமல் அவள் வீட்டுக்குப் போனேன். ஆற்று மணலில் ஊற்றுத் தோண்டித் தண்ணீர் எடுத்துக்கொண்டு வந்தாள்.

“இன்னா ஐயா, கோர்ட்டே நடந்து வந்துகினு கீது?”

“தப்பு என்னுடையதம்மா. பத்திரத்தின் எல்லையைத் தவறாக எழுதிவிட்டேன். மனு எழுதி வந்திருக்கிறேன். கிணறு திரும்பக் கிடைக்கும்.”

“யாரு அனுப்பினாங்க?”

“யாரும் இல்லை.”

“யாரும் அனுப்பாம கோர்ட்டு ஆளு இந்த வெயில்ல வருவாரா? கிணறு போச்சி. மிச்சம் கீற நெலத்துக்கு ரேகை வாங்க வந்தீங்களா?”

நான் நீட்டிய காகிதத்தை அவள் தொடவில்லை. கோர்ட் திருப்பித் தந்திருந்த பத்திரத்தை எடுத்துக்கொண்டு தன் வக்கீலிடம் போனாள். அவரும் என்னை நம்பவில்லை, பத்திரத்தை நம்பினார். மனு அவர் கையெழுத்தில் போனது.

எதிர்வக்கீல் எழுந்தார். “பத்திரம் முதல் நாளே இவர்கள் கையில் இருந்தது. புதிய சாட்சியம் எங்கே? தோற்றவர்களுக்கெல்லாம் இரண்டாம் விசாரணையா?”

அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. இன்னும் நன்றாக வாதாடியிருக்கலாம் என்பதற்காகவோ, நீதிபதியின் மனம் மாறியது என்பதற்காகவோ தீர்ப்பைத் திறக்க முடியாது. எவ்வளவு முயன்றும் முன்பு கிடைக்காத சாட்சியம் வர வேண்டும். அல்லது வாதமே தேவைப்படாமல் பதிவில் பளிச்சென்று தெரியும் பிழை இருக்க வேண்டும்.

நீதிபதி என்னைக் கூண்டில் ஏற்றினார்.

“அன்றே ஏன் சொல்லவில்லை?”

“பயந்தேன்.”

“இன்று எந்தத் தைரியத்தில் சொல்கிறீர்?”

அவர் கேட்பது லஞ்சத்தைப் பற்றி என்று எல்லோருக்கும் புரிந்தது. நீதிபதி பத்திரத்தை எதிர்வக்கீலிடமே நீட்டி, எல்லையை உரக்கப் படிக்கச் சொன்னார். “வாய்க்காலுக்கு மேற்கு” என்று படித்துவிட்டு வக்கீல் உட்கார்ந்தார். ரிவியூ அனுமதிக்கப்பட்டது. மறுவிசாரணையில் கிணறு அவளுக்கே ஆனது. என் வேலை போனது.

எல்லைக்கல் நடும் நாளில் அவள் எனக்கு ஆள் அனுப்பினாள். வாய்க்கால் நடுவே என்னை நிற்க வைத்தாள்.

“எழுத்து வேணாம். மேற்கு எது, கைய நீட்டிக் காட்டுங்க.”

காட்டினேன். கல்லை நட்டார்கள். அவள் கிணற்றில் ஒரு வாளி இறைத்து, ஒரு வாய் குடித்துத் துப்பினாள். ஆவாரம்பட்டையில் தோல் ஊறும் ஷாப்புக் குழிகள் இதற்குள் கிணற்றை ஒட்டி வந்திருந்தன.

“இந்த வாட்டி யாருகிட்ட வாங்கினீங்கன்னு ஊரே கேக்குது” என்று வாளியை என்னிடம் நீட்டினாள். “எனக்கும் தெரியல.”

வாங்கிக் குடித்தேன். ஆவாரம்பட்டைத் துவர்ப்பு.